சாடிக்குள் பழம்: சாராயத்தில் ஊறவைக்குமுன் அறிய வேண்டியவை

நத்தார்க் கேக் செய்யும் வீடுகளில் பண்டிகைக்கு ஓரிரு மாதங்களுக்கு முன்னரே ஒரு சாடி தயாராகிவிடும். பிளம்ஸ், பேரீச்சம்பழம், இஞ்சிப் பாகு, பூசணித் தோசி ஆகியவற்றைச் சிறிதாக வெட்டி, பிரண்டியோ சாராயமோ ஊற்றி மூடிவைப்பார்கள். ஆங்கிலேயரின் கேக் எமது நாட்டுக்கு வந்தபின், கோதுமை மாவின் இடத்தை றவை பிடித்தது. வாதுமையின் இடத்தை மரமுந்திரிகைப் பருப்பு பிடித்தது. நீற்றுப்பூசணியில் செய்த தோசியும் சேர்ந்தது. பழத்தை மதுவில் ஊறவைக்கும் வழக்கம் மட்டும் மாறாமல் தொடர்ந்தது. கோடை விடுமுறையில் உறவினர் ஒன்றுகூடும் வீடுகளில் அன்னாசியையும் மாம்பழத்தையும் இவ்வாறு ஊறவைத்துப் பரிமாறுவதும் உண்டு.

இடம்பெயர்ந்து வாழும் குடும்பங்களுக்கும், நீண்ட காலத்தின் பின் காணிக்குத் திரும்பி மறுபடி தொடங்கும் குடும்பங்களுக்கும் இது எதற்கு என்று சிலர் கேட்கலாம். மூன்று காரணங்கள் உண்டு. முதலாவது, முறை தெரியாமல் செய்தால் பழமும் சீனியும் போத்தல் வாங்கிய காசும் ஒன்றாகப் பழுதாகும். இரண்டாவது, தவறான சாராயத்தை ஊற்றினால் உயிருக்கே ஆபத்து. மூன்றாவது, இந்தச் சாடிக்குள் எமது வளவில் விளையும் பொருளுக்கு ஒரு சந்தை இருக்கின்றது. அது மதுவை விற்கும் சந்தை அல்ல, பழத்தை விற்கும் சந்தை. இப்பாடத்தின் முடிவில் அதற்கு வருவோம்.

1. சாராயம் பழத்தை எப்படிக் காக்கின்றது?

பழம் பழுதாவதற்குக் காரணம் கண்ணுக்குத் தெரியாத நுண்ணங்கிகள். மதுவம், பங்கசு, பற்றீரியா என்பன அவை. அவை வளர நீரும் உணவும் வேண்டும். பழத்தில் இரண்டும் தாராளமாக உண்டு. மாம்பழத்திலும் அன்னாசியிலும் நூற்றுக்கு 80 பங்குக்கு மேல் நீர்தான்.

மதுவம் சீனியைத் தின்று அற்ககோலை உண்டாக்குகின்றது. இதுவே நொதித்தல். கள்ளு உண்டாவதும் இப்படியே. ஆனால் அற்ககோல் ஏறக்குறைய 15 வீதத்தை எட்டும்போது பெரும்பாலான மதுவங்கள் தாம் உண்டாக்கியதைத் தாமே தாங்க முடியாமல் ஓய்ந்துவிடும். 20 வீதத்திற்கு மேல் இருந்தால், பழத்தைப் பழுதாக்கும் நுண்ணங்கிகள் அனேகமாக வளரவே மாட்டா. ஆகவே ‘மது ஊற்றினால் கெடாது’ என்பது அரைவாசி உண்மை மட்டுமே. சாடிக்குள் எல்லாம் கலந்து முடிந்த பின்னும் 20 வீதம் மிஞ்ச வேண்டும் என்பதே முழு உண்மை.

கள்ளில் அற்ககோல் ஏறக்குறைய 5 வீதம். பியரிலும் அவ்வளவே. திராட்சை வைனில் 12 வீதமளவில் இருக்கும். இவற்றில் பழத்தைப் போட்டால் பழம் காக்கப்படாது. நொதித்தல் தொடரும், பிறகு புளித்து வினாகிரியாகும். கடையில் வாங்கும் சாராயம், பிரண்டி, றம் போன்றவற்றில் பெரும்பாலும் 33 முதல் 40 வீதம் வரை இருக்கும். சரியான அளவு போத்தலில் ஒட்டியுள்ள துண்டில் அச்சிடப்பட்டிருக்கும். அதை முதலில் வாசியுங்கள்.

2. சாடிக் கணக்கு

பழத்திலுள்ள நீர் வெளியே வந்து சாராயத்தோடு கலக்கும். அதனால் சாராயத்தின் பலம் குறையும். எவ்வளவு குறையும் என்பதை முன்கூட்டியே கணக்கிடலாம். வீட்டில் படிக்கும் பிள்ளையை உதவிக்கு அழையுங்கள். கணக்கை மட்டும் பிள்ளை செய்யட்டும், போத்தல் பெரியவர் கையில் இருக்கட்டும்.

முதற் சாடி: 35 வீதச் சாராயம் 750 மில்லி லீற்றர், அன்னாசி 400 கிராம், சீனி 200 கிராம்.
சாராயத்திலுள்ள அற்ககோல்: 750 இல் 35 வீதம், அதாவது 262 மில்லி லீற்றர்.
அன்னாசியிலிருந்து வரும் நீர்: ஏறக்குறைய 340 மில்லி லீற்றர்.
சீனி கரைந்து கூட்டும் அளவு: ஏறக்குறைய 125 மில்லி லீற்றர்.
மொத்தம்: 1,215 மில்லி லீற்றர். அதில் அற்ககோல் 262. அதாவது 21 வீதத்திற்குச் சற்று மேல். இந்தச் சாடி நிற்கும்.

இரண்டாம் சாடி: அதே சாராயம் 750 மில்லி லீற்றர். ‘சாராயம் விலை, பழம் மலிவு’ என்று அன்னாசி 1 கிலோவும் சீனி 500 கிராமும் போடுகின்றோம். பழத்து நீர் 860, சீனி கூட்டுவது 310. மொத்தம் 1,920. அதில் அற்ககோல் 262 என்றால் 14 வீதத்திற்கும் குறைவு. இந்தச் சாடி சில நாட்களில் நுரைக்கத் தொடங்கலாம். இறுக்கமாக மூடியிருந்தால் உள்ளே வாயு சேர்ந்து போத்தல் வெடிக்கவும் கூடும்.

மனதில் வைக்க இலகுவான அளவு இது: ஒரு போத்தல் சாராயத்திற்குப் புதுப்பழம் 400 கிராமுக்கு மேல் வேண்டாம். பழத்தின் அரைவாசி எடைக்குச் சீனி போதும்.

ஜேர்மனியில் ‘றும்தோப்’ என்ற ஒரு சாடி உண்டு. கோடை தொடங்கும் ஆனி மாதத்தில் ஸ்ரோபெரிப் பழத்தைப் போட்டு, பின்னர் செரி, அப்பிரிக்கொட், பிளம் என்று அந்தந்தப் பழம் பழுக்கும் காலத்தில் அடுக்கடுக்காகச் சேர்த்து, நத்தார்க் காலத்தில் திறப்பார்கள். ஒவ்வொரு முறையும் பழத்தின் அரைவாசி எடைக்குச் சீனியும், பழம் மூழ்கும் அளவுக்கு றம்மும் சேர்ப்பது அவர்கள் வழக்கம். அதற்கு அவர்கள் விரும்பி வாங்குவது 54 வீத றம். எமது கடைச் சாராயத்தின் பலம் அதைவிடக் குறைவு. ஆகவே அவர்கள் போடும் அளவு பழத்தை நாம் போட முடியாது.

3. செய்யும் முறை

பழம்: புளிப்புள்ள, இறுக்கமான பழம் வேண்டும். அன்னாசி மிக நல்லது. மாம்பழமாயின் கனிந்து குழைந்தது வேண்டாம், பழுக்கத் தொடங்கிய இறுக்கமான பழத்தை எடுங்கள். வாழைப்பழம் கறுத்துக் கூழாகும். பழுத்த பப்பாசியில் புளிப்பு இல்லை, விரைவில் குழைந்தும் விடும். அடிபட்ட, புழுத்த பகுதியை வெட்டிவிட்டுப் போடலாம் என்று எண்ண வேண்டாம். அத்தகைய பழத்தை அன்றே உண்ணுங்கள், சாடிக்கு எடுக்க வேண்டாம்.

பாத்திரம்: அகன்ற வாயுள்ள கண்ணாடிப் போத்தல் அல்லது உட்புறம் மெருகிட்ட சாடி. அலுமினியம், பித்தளை, செம்புப் பாத்திரங்கள் ஆகா. பழப்புளிப்பு அவற்றை அரிக்கும். பழைய பிளாஸ்ரிக் போத்தலும் வேண்டாம். கண்ணாடிப் போத்தலைக் கழுவி, குளிர்ந்த நீரில் வைத்து, நீரோடு சேர்த்தே சூடாக்கி 10 நிமிடம் கொதிக்கவிட்டு, கவிழ்த்து முழுதாக உலர விடுங்கள்.

செய்கை: பழத்தைக் கழுவித் தோல் சீவித் துண்டுகளாக்குங்கள். சீனியைத் தூவி ஒரு மணித்தியாலம் விடுங்கள். சாற்றோடு சாடியில் இட்டுச் சாராயத்தை ஊற்றுங்கள். துண்டுகள் மேலே மிதக்கும். காற்றில் படும் துண்டில்தான் பூஞ்சணம் முதலில் பிடிக்கும். எனவே கொதிநீரில் போட்டெடுத்த ஒரு சிறு பீங்கான் தட்டை மேலே வைத்து அமுக்கி மூடுங்கள். கறுவாத் துண்டு ஒன்று, கராம்பு இரண்டு சேர்க்கலாம். முதல் வாரம் நாளுக்கொரு முறை சாடியை மெதுவாக ஆட்டிச் சீனியைக் கரையவிடுங்கள். இரண்டு மூன்று வாரங்களில் ஊறிவிடும்.

இடம்: வெயில் படாத குளிர்ந்த இடம். அடுப்புக்கும் விளக்குக்கும் தூரமாக இருக்கட்டும். சாராயத்தின் ஆவி தீப்பற்றும். கிடுகுக் கூரையின் கீழ் சமையலும் படுக்கையும் ஒன்றாக உள்ள வீட்டில் இது சிறிய விடயம் அல்ல. அடுப்பு எரியும்போது சாராயத்தை ஊற்றவே வேண்டாம்.

நுரை எழுந்தால், மேலே ஆடை படர்ந்தால், வினாகிரி மணம் வந்தால் அந்தச் சாடியை முழுதாகக் கொட்டுங்கள். மேற்பகுதியை மட்டும் எடுத்தெறிந்து மீதியைப் பரிமாறுவது விருந்தாளிக்குச் செய்யும் அநியாயம்.

கேக்குக்கான உலர்பழத்தில் கணக்கு இலகு. உலர்ந்த பழத்தில் நீர் மிகக் குறைவு, சீனியும் கூடுதலாக இருப்பதால் அதுவும் காக்கின்றது. வெட்டிய உலர்பழக் கலவை 500 கிராமுக்குச் சாராயம் அல்லது பிரண்டி 150 மில்லி லீற்றர் போதும். பிளம்ஸைக் கழுவினால் வெயிலில் நன்றாக உலர்த்திய பின்னரே போடுங்கள். நாள்தோறும் போத்தலை ஒருமுறை தலைகீழாக்கி நிமிர்த்துங்கள்.

4. கசிப்பு வேண்டவே வேண்டாம்

கடைச் சாராயம் விலை கூடியது. ‘அதிலும் சாராயம், இதிலும் சாராயம்’ என்று சொல்லிக் கசிப்பை வாங்கி ஊற்றத் தூண்டுவோர் இருப்பர். இதில் இரண்டு ஆபத்துக்கள் உண்டு.

ஒன்று, அதன் பலம் எவருக்கும் தெரியாது. மேலே செய்த கணக்கு எதையும் அதில் செய்ய முடியாது.

மற்றது, மெதனோல் என்னும் நஞ்சு. நாம் பேசும் அற்ககோல் எதனோல். மெதனோல் அதன் உடன்பிறப்புப் போன்றது. பார்வைக்கும் மணத்துக்கும் ஏறக்குறைய ஒன்றே, நாவினால் பிரித்தறிய முடியாது. பலம் கூட்டுவதற்காகக் கைத்தொழில் ஸ்பிரிற்றைக் கலக்கும்போது இந்த நஞ்சு சேர்கின்றது. உடலுக்குள் அது போமிக் அமிலமாக மாறிக் கண்ணின் நரம்பைத் தாக்கும். பார்வை போகும், உயிரும் போகும். பழம், சீனி, தேசிக்காய், கறுவா எதுவும் அதை முறிக்காது. மாறாக, இனிப்பு அதை மறைத்துவிடும். குடித்துப் பல மணித்தியாலங்களின் பின்னரே தலையிடி, வாந்தி, வயிற்றுவலி, பார்வை மங்கல் தோன்றும். அவ்வாறு தோன்றினால் உறங்கவைத்துப் பார்க்காமல் உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டு செல்லுங்கள். என்ன குடித்தார் என்பதை வைத்தியரிடம் மறைக்க வேண்டாம். நேரத்தோடு சென்றால் மருந்து உண்டு. புண்ணுக்குப் பூசும் ஸ்பிரிற், கை கழுவும் திரவம் போன்றவையும் உணவுக்கு உரியவை அல்ல.

சட்டத்தையும் அறிந்திருங்கள். 1912ஆம் ஆண்டின் மதுவரிக் கட்டளைச் சட்டப்படி அனுமதிப்பத்திரம் இன்றி மது வடிப்பதும் விற்பதும் குற்றம். 2006ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டப்படி 21 வயதுக்குக் குறைந்தவருக்கு மதுபானம் விற்க முடியாது. மதுவில் ஊறிய பழத்தை விற்க எண்ணும் எவரும் முதலில் மதுவரித் திணைக்களத்தில் கேட்டறிய வேண்டும்.

5. யாருக்குக் கொடுக்கலாம், யாருக்கு ஆகாது?

‘அது பழந்தானே’ என்று சொல்வோம். கணக்கைப் பாருங்கள். 21 வீதச் சாடியில் நன்கு ஊறிய 100 கிராம் பழத்தில் ஏறக்குறைய 18 மில்லி லீற்றர் அற்ககோல் இருக்கும். 35 வீதச் சாராயம் 50 மில்லி லீற்றரில் இருப்பதும் இதே அளவுதான். ஒரு சிறு கோப்பைப் பழம் தின்ற பிள்ளை அவ்வளவு சாராயம் குடித்ததற்குச் சமம். இனிப்பாக இருப்பதால் பிள்ளை இன்னொரு கோப்பையும் கேட்கும்.

எனவே சாடியின் மேல் ‘மது கலந்தது’ என்று பெரிதாக எழுதி ஒட்டுங்கள், உயரத்தில் வையுங்கள். பிள்ளைகள், கர்ப்பிணிகள், பாலூட்டும் தாய்மார், ஈரல் நோயாளர், வலிப்புக்கும் நித்திரைக்கும் சலரோகத்துக்கும் மருந்து எடுப்போர், வாகனம் ஓட்டுவோர் ஆகியோருக்கு இது ஆகாது. பல சமயத்தவரும் அயலவராக வாழும் ஊரில், மதுவை விலக்கியவருக்குச் சொல்லாமல் கொடுப்பது நட்புக்குச் செய்யும் துரோகம். குடியை விட்டுவிட்டு நாளுக்கு நாள் போராடி வரும் ஒருவர் வீட்டில் இருந்தால், அந்த வீட்டுக்குள் இந்தச் சாடி வரவே வேண்டாம். வீட்டிலும் காணியிலும் இழந்ததைக் குடியினால் இன்னொரு முறை இழந்த குடும்பங்கள் எம்மிடையே உண்டு. அவர்களுக்கு ஒரு கேக்கின் சுவை பெரிதல்ல.

‘கேக் வேகும்போது எல்லாம் ஆவியாகிவிடும்’ என்பதும் சரியல்ல. ஒரு மணித்தியாலம் வெந்த பின்னும் சேர்த்த அற்ககோலில் ஏறக்குறைய கால் பங்கு மிஞ்சும். வெந்த கேக்கின் மேல் மறுபடி பிரண்டி ஊற்றினால் அது அப்படியே இருக்கும்.

மதுவின்றியும் பழத்தை ஊறவைக்கலாம். உலர்பழக் கலவை 500 கிராமுக்குத் தோடம்பழச் சாறு 100 மில்லி லீற்றர், கடும் தேயிலைச் சாயம் 50 மில்லி லீற்றர், தேசிக்காய்ச் சாறு ஒரு மேசைக்கரண்டி எடுங்கள். ஒன்றாக 5 நிமிடம் மெல்லிய நெருப்பில் சூடாக்கி, ஆறவைத்து, மூடி ஓர் இரவு விடுங்கள். மறுநாளே கேக்கில் சேர்த்துவிடுங்கள். இதைக் காப்பதற்கு மது இல்லை என்பதால் வாரக்கணக்கில் வைக்க முடியாது.

6. எமது வளவிலிருந்து சாடிக்கு

இப்போது மூன்றாவது காரணத்துக்கு வருவோம். கேக் செய்பவர் வாங்கும் பொருட்களில் பிளம்ஸும் பேரீச்சம்பழமும் வெளிநாட்டிலிருந்து வருபவை. ஆனால் சீனிப்பாகில் காய்ச்சிய பப்பாசித் துண்டு, பூசணித் தோசி, இஞ்சிப் பாகு, தோடைத் தோல் ஆகியவற்றை நாமே செய்யலாம். இவற்றில் மது இல்லை. மது அனுமதிப்பத்திரமும் தேவையில்லை. ஊறவைப்பதை வாங்குபவர் தன் வீட்டில் பார்த்துக்கொள்வார்.

காணி நிச்சயமில்லாத குடும்பத்துக்குப் பப்பாசி பொருத்தமான மரம். மாமரம் நட்டுப் பல ஆண்டு காத்திருக்க வேண்டும். பப்பாசி ஓராண்டுக்குள் காய்க்கும். கிணற்றடி ஓரத்திலும் நிற்கும், ஆனால் வேரடியில் நீர் தேங்கக் கூடாது. பழம் மலியும் காலத்தில் சந்தையில் விலை போகாத மரங்களின் முற்றிய காயை இதற்கு எடுக்கலாம்.

செய்முறை: முற்றிய பச்சைக் காயைத் தோல் சீவி, விதை நீக்கி, பால் போகக் கழுவி, ஒரு சென்ரிமீற்றர் கட்டிகளாக வெட்டி 1 கிலோ எடுங்கள். ஒரு லீற்றர் நீரில் வெற்றிலைச் சுண்ணாம்பு ஒரு தேக்கரண்டி கரைத்துத் தெளியவிட்டு, தெளிந்த நீரில் மட்டும் கட்டிகளை இரண்டு மணித்தியாலம் ஊறவிடுங்கள். சுண்ணாம்பு கட்டிகளை இறுக்கும். பின் நாலைந்து முறை நன்றாகக் கழுவி, புதுநீரில் ஊசி இறங்கும் பதம்வரை அவித்து வடியுங்கள்.

முதல் நாள்: 500 கிராம் சீனியை 500 மில்லி லீற்றர் நீரில் காய்ச்சி, கட்டிகளை இட்டு 5 நிமிடம் கொதிக்கவிட்டு மூடிவையுங்கள்.
இரண்டாம் நாள்: கட்டிகளை அரித்தெடுத்து, பாகில் 200 கிராம் சீனியும் அரைத் தேசிக்காயின் சாறும் சேர்த்துக் கொதிக்கவைத்து, கட்டிகளை மறுபடி இடுங்கள்.
மூன்றாம் நாள்: இன்னும் 200 கிராம் சீனி சேர்த்து இதே போலச் செய்யுங்கள்.
நாலாம் நாள்: 150 கிராம் சீனி சேர்த்துப் பாகு தேன் பதமாகும்வரை காய்ச்சி, கட்டிகளை இட்டு இரண்டு நாள் விடுங்கள்.
பின்னர் வடித்து, வலை மூடிய தட்டில் கையில் ஒட்டாத பதம்வரை உலர்த்துங்கள்.

ஒரே நாளில் முழுச் சீனியையும் கொட்டினால் என்ன? கெட்டிப் பாகு காயின் நீரைத் திடீரென இழுத்துவிடும். கட்டி சுருங்கித் தோல் போலாகும். நாளுக்கு நாள் கூட்டினால் நீர் வெளியேற, சீனி மெல்ல உள்ளே போகும். தேசிக்காய்ச் சாறு பாகு மறுபடி சீனிக் கல்லாவதைத் தடுக்கும். மிஞ்சிய பாகை எறிய வேண்டாம், தேசிக்காய்த் தண்ணீருக்குச் சேர்க்கலாம்.

செய்யத் தொடங்குமுன் கால் கிலோ மாத்திரம் செய்து, அயல் நகரிலுள்ள பேக்கரிக்கும் கேக் செய்யும் வீடுகளுக்கும் காட்டி, எவ்வளவு வாங்குவார்கள், எப்போது வேண்டும் என்று கேளுங்கள். நத்தார்ச் சாடிகள் ஐப்பசி, கார்த்திகையில் நிரம்புகின்றன. மார்கழியில் கொண்டு போனால் காலம் கடந்துவிடும். காய், சீனி, விறகு, போத்தல், பயணச் செலவு ஐந்தையும் கொப்பியில் எழுதுங்கள். உங்கள் உழைப்பையும் நாட்கூலியாக எழுதுங்கள். அதன்பின் விலை சொல்லுங்கள். விற்பனைக்கு முன் உங்கள் பகுதிப் பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் சுத்தம் பற்றியும் போத்தலில் எழுத வேண்டியவை பற்றியும் கேட்டறியுங்கள்.

குழுவில் கலந்துரையாட

1. 40 வீதப் பிரண்டி 375 மில்லி லீற்றர் உங்களிடம் உண்டு. எத்தனை கிராம் அன்னாசி போடலாம்? சாடிக் கணக்கின்படி செய்து பாருங்கள்.
2. எமது ஊர் ஒன்றுகூடல்களில் மது கலந்த உணவை எல்லோருக்கும் தெரியும்படி எப்படி வேறாக வைப்பது?
3. எமது வளவுகளில் இப்போது வீணாகும் காய், பழம் எவை? அவற்றில் எதைப் பாகில் காய்ச்சலாம்?
4. ஐந்து குடும்பங்கள் சேர்ந்து செய்வதாயின் சீனி வாங்குவதற்கான முதலை எப்படிச் சேர்ப்பது? கணக்கை யார் எழுதுவது?

முதற் கேள்விக்கு விடை: அன்னாசி 250 கிராமும் சீனி 125 கிராமும் போட்டால் 22 முதல் 23 வீதம் மிஞ்சும். 400 கிராமும் அதற்குரிய 200 கிராம் சீனியும் போட்டால் 18 வீதத்திற்கு இறங்கிவிடும்.